தீர்க்கதரிசிகளின் கல்லறைகள்

தியானப் பகுதி: மத்தேயு 23:29–32



ஒவ்வோர் ஆண்டும் ஏப்ரல் 9ஆம் தேதியை ஒட்டி வரும் ஞாயிறன்று ஜெர்மானியப் போதகர் டீட்ரிக் போன்ஹோஃபரைப் பற்றிச் சில வார்த்தைகளாவது பேசுவது என் வழக்கம். 1945ஆம் ஆண்டு அந்த நாளின் அதிகாலையில் ஃப்ளோசன்பர்க் வதைமுகாமில் அவர் தூக்கிலிடப்பட்டார். அப்போது அவருக்கு வயது 39. இறையியல் கல்லூரியில் படித்த நாட்களில், சீஷத்துவத்தைப் பற்றி அவர் எழுதிய நூல் என்னைப் பல இரவுகள் தூங்கவிடாமல் செய்தது. அந்தக் கடனை ஆண்டுக்கு ஒரு முறையாவது திருப்பிச் செலுத்துகிறேன் என்று நினைத்துக்கொள்வேன்.

சென்ற ஏப்ரலிலும் அப்படியே பிரசங்கித்தேன். ஆராதனை முடிந்து ஆலய வாசலில் நின்றபோது, "இன்றைய செய்தி மனதைத் தொட்டது, ஐயா" என்று பலர் கைகுலுக்கிச் சென்றார்கள். கடைசியாக ஒருவர் வந்தார். நாற்பது வயது இருக்கும். நம் சபைக்குப் புதியவர். "ஐயா, என்னை ஞாபகம் இருக்கா? எங்க அப்பாவை நீங்கதான் அடக்கம் பண்ணினீங்க" என்றார். தம் ஊரின் பெயரையும் சொன்னார். நன்றியோடுதான் சொன்னார். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டு ஏதோ பேசினேன். ஆனால் அன்று மதியம் எனக்கு உணவு இறங்கவில்லை. ஏன் என்பதை இந்தத் தியானத்தின் முடிவில் சொல்லுகிறேன். அதற்கு முன், போன்ஹோஃபரின் மரணத்திற்குப் பிறகு ஜெர்மனியில் நடந்தவற்றை நாம் சற்று நிதானித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. அவருடைய வாழ்க்கையை நாம் அடிக்கடி பேசுகிறோம். அந்தப் பிற்பகுதியை மிக அரிதாகவே பேசுகிறோம்.

அவருடைய வாழ்வைச் சுருக்கமாக நினைவுபடுத்துகிறேன். 1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்த சில வாரங்களிலேயே, யூதர்களுக்கு இழைக்கப்படும் அநீதியைக் குறித்துத் திருச்சபை என்ன செய்ய வேண்டும் என்று அவர் எழுதினார். அரசைக் கேள்வி கேட்பதும், சக்கரத்தில் நசுங்கியவர்களுக்குக் கட்டுப்போடுவதும் மட்டும் போதாது, சக்கரத்தையே தடுத்து நிறுத்த வேண்டிய வேளையும் வரலாம் என்பது அவர் கருத்து. மகாத்மா காந்தியிடம் வன்முறையற்ற எதிர்ப்பைக் கற்க விரும்பினார். 1934இல் காந்தியிடமிருந்து அழைப்புக் கடிதமும் வந்தது. எனினும் அறிக்கையிடும் திருச்சபையின் இளம் போதகர்களைப் பயிற்றுவிக்கும் பொறுப்பை ஏற்றதால் இந்தியப் பயணம் நடைபெறவில்லை. 1939இல் அமெரிக்காவில் பாதுகாப்பாகத் தங்கிவிட வாய்ப்பு இருந்தும், சில வாரங்களிலேயே தாயகம் திரும்பினார். பின்னர் ஹிட்லரைக் கவிழ்க்க இரகசியமாகத் திட்டமிட்டவர்களோடு இணைந்தார். 1943 ஏப்ரலில் கைதானார். 1944 ஜூலை 20 அன்று ஹிட்லரைக் குண்டு வைத்துக் கொல்லச் செய்த முயற்சி தோல்வியடைந்தபின் அவருடைய தொடர்புகள் வெளிப்பட்டன. முடிவை நாம் அறிவோம். அவருடைய சரீரம் மற்றவர்களின் சரீரங்களோடு எரிக்கப்பட்டது. அவருக்குக் கல்லறை இல்லை.

1945 ஜூலை 27 அன்று லண்டனில் ஓர் ஆலயத்தில் அவருக்காக நினைவு ஆராதனை நடந்தது. அவருடைய நண்பரான ஆயர் ஜார்ஜ் பெல் அதில் பேசினார். பிபிசி வானொலி அதை ஒலிபரப்பியது. பெர்லினில் இருந்த வயது முதிர்ந்த பெற்றோர் வானொலியருகே அமர்ந்து அதைக் கேட்டார்கள். அந்தப் போரின் கடைசி வாரங்களில் அவர்கள் இரண்டு குமாரரையும் இரண்டு மருமகன்களையும் இழந்தவர்கள். தங்கள் மகனுக்குச் செலுத்தப்பட்ட கனம், நேற்றுவரை பகை நாடாயிருந்த தேசத்திலிருந்து அவர்களை எட்டியது.

சொந்த தேசத்துத் திருச்சபை என்ன செய்தது? ஜூலை 20 முயற்சியின் முதலாம் ஆண்டு நினைவில் பெர்லின்–பிராண்டன்பர்க் திருச்சபை ஓர் அறிக்கை வெளியிட்டது. எந்த நோக்கத்தோடு செய்யப்பட்டிருந்தாலும் அத்தகைய முயற்சியைத் தான் ஒருபோதும் அங்கீகரிக்க முடியாது என்று அது கூறியது. புக்கன்வால்ட் முகாமில் 1939இல் கொல்லப்பட்ட போதகர் பவுல் ஷ்னைடரை அது இரத்தசாட்சியாகப் போற்றியது. அது முற்றிலும் தகுதியான கனமே. தன் தனிச் சிறையின் ஜன்னல் வழியாக மற்றக் கைதிகளுக்கு வேதவசனத்தை உரக்கச் சொன்னதற்காக அடிக்கப்பட்டவர் அவர். ஆனால் போன்ஹோஃபரின் பெயர் அதில் இல்லை. பின்னர் பீலஃபெல்ட் நகரில் தெருக்களுக்கு அவர் பெயரைச் சூட்ட முன்வந்தபோது, சில போதகர்களே அதை எதிர்த்தார்கள். விசுவாசத்திற்காக மரித்த தங்கள் சகோதரரின் பெயரும் அரசியலுக்காக மரித்தவர்களின் பெயரும் ஒரே வரிசையில் நிற்கக் கூடாது என்பது அவர்கள் வாதம். 1953இல் ஃப்ளோசன்பர்க் கிராமத்து ஆலயத்தில் அவருக்கு நினைவுப் பலகை திறந்துவைக்கப்பட்டபோது, பவேரியாவின் ஆயர் அதே காரணத்தால் வராமல் இருந்துவிட்டார்.

நீதிமன்றங்களின் கதை இன்னும் கசப்பானது. போன்ஹோஃபருக்கு மரணதண்டனை விதித்த விசாரணை முகாமுக்குள்ளேயே நடந்தது. அவருக்காக வாதாட வழக்கறிஞர் ஒருவரும் இல்லை. அதற்குத் தலைமை வகித்த எஸ்.எஸ். நீதிபதியை மேற்கு ஜெர்மனியின் உச்ச நீதிமன்றம் 1956இல் அந்தக் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. அக்காலத்துச் சட்டப்படியே அவர் நடந்தார் என்பது தீர்ப்பின் சாரம். அந்தக் காரணத்தை நீட்டினால் போன்ஹோஃபர் சட்டப்படி குற்றவாளி என்றே ஆகும். அவருடைய மரணதண்டனை செல்லாதது என்று பெர்லின் நீதிமன்றம் ஒன்று வெளிப்படையாக அறிவித்தது 1996இல். நாஜி ஆட்சியின் அநீதித் தீர்ப்புகளை மொத்தமாக ரத்துசெய்யும் சட்டம் வந்தது 1998இல். அதே 1998இல் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் பேராலயத்தின் மேற்கு வாசலுக்கு மேல் இருபதாம் நூற்றாண்டின் இரத்தசாட்சிகள் பத்துப் பேரின் சிலைகள் திறக்கப்பட்டன. அவர்களுள் ஒருவராகப் போன்ஹோஃபரும் நிற்கிறார். அரை நூற்றாண்டுக்கும் மேலாயிற்று.

எதிர்த்து மரித்தவர்களின் குடும்பங்கள் இடைப்பட்ட காலத்தில் எப்படி வாழ்ந்தன என்பதையும் நினைக்க வேண்டும். துரோகியின் மனைவி, துரோகியின் பிள்ளை என்ற வசைச்சொல் அவர்களைத் தொடர்ந்தது. விதவைகள் பலர் ஓய்வூதியத்திற்காக அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார்கள். போன்ஹோஃபரின் சகோதரர் கிளவுஸுக்கு மரணதண்டனை விதித்தவர் ரோலண்ட் ஃபிரைஸ்லர் என்னும் நாஜி நீதிபதி. அவர் 1945 பிப்ரவரியில் விமானக் குண்டுவீச்சில் இறந்தார். அவருடைய விதவைக்கோ ஓய்வூதியம் கிடைத்தது. அவர் உயிரோடிருந்தால் போருக்குப் பின்னும் நல்ல பதவியில் சம்பாதித்திருப்பார் என்ற கணக்கில் அது கூட்டியும் கொடுக்கப்பட்டது. 1985இல் இது வெளியே வந்தபோது தேசமே வெட்கமடைந்தது.

வெளிச்சம் முற்றிலும் இல்லாமல் போகவில்லை. 1952 மார்ச்சில் பிரௌன்ஷ்வைக் நகரில் ஒரு வழக்கு நடந்தது. ஜூலை 20 புரட்சியைப் பெர்லினில் அடக்கிய ராணுவ அதிகாரி ஓட்டோ எர்ன்ஸ்ட் ரேமர், போருக்குப் பின் அரசியல்வாதியாகி, அந்தப் புரட்சியாளர்களைத் தேசத்துரோகிகள் என்று மேடையில் பழித்தார். அவருக்கு எதிராக வழக்கு நடத்திய அரசு வழக்கறிஞர் ஃபிரிட்ஸ் பவர் ஒரு யூதர். ஹிட்லரின் முகாமில் அடைக்கப்பட்டவர். பல ஆண்டுகள் அகதியாக வாழ்ந்து தாயகம் திரும்பியவர். அநீதியையே சட்டமாக்கிய அரசுக்கு யாரும் துரோகம் செய்ய முடியாது என்பது அவர் வாதத்தின் இருதயம். ஹிட்லரின் பெயரால் செய்த ஆணை ஒரு கிறிஸ்தவனின் மனச்சாட்சியைக் கட்டுமா என்று இறையியல் அறிஞர்களையும் சாட்சிக்கு அழைத்தார். ரோமர் 13ஐ ஓதி மௌனம் காத்த தேசத்தில், அப்போஸ்தலர் 5:29 வழக்குமன்றத்துக்கு வந்தது. ரேமருக்குக் கிடைத்தது மூன்று மாதச் சிறைத்தண்டனைதான். ஆனாலும் எதிர்த்தவர்கள் துரோகிகள் அல்லர் என்பதை ஒரு ஜெர்மானிய நீதிமன்றம் வாய்திறந்து சொன்னது. 1968இல், அரசியலமைப்பை அழிக்க முனைவோரை வேறு வழியில்லாதபோது எதிர்க்கும் உரிமை அந்நாட்டின் அடிப்படைச் சட்டத்திலேயே எழுதப்பட்டது.

இவ்வளவு தாமதம் ஏன்? எதிர்த்தவர்களைக் கனப்படுத்துவது அத்தனை கடினமாக இருந்தது ஏன்? நான் பல நாள் இதைச் சிந்தித்திருக்கிறேன். மரித்த ஒருவருடைய தைரியம், உயிரோடிருப்பவர்களைக் கேள்வி கேட்கிறது. "அவரால் முடிந்ததே, உன்னால் ஏன் முடியவில்லை?" என்ற கேள்வி அது. அவரைத் துரோகி என்று அழைத்துவிட்டால் அந்தக் கேள்வி அடங்கிவிடும். காலம் கடந்தபின் அவரை வீரராக்கி உயரத்தில் வைத்துவிட்டாலும் அதே கேள்வி அடங்கிவிடும். ஏனெனில் சிலைகள் நம்மிடம் ஒன்றும் கேட்பதில்லை. இதைத்தான் ஆண்டவர் மத்தேயு 23இல் கண்டிக்கிறார். தீர்க்கதரிசிகளின் கல்லறைகளைக் கட்டிச் சிங்காரிக்கிறவர்கள், "எங்கள் பிதாக்களின் நாட்களில் நாங்கள் இருந்திருந்தால் அந்தப் பாவத்தில் பங்கெடுத்திருக்கமாட்டோம்" என்று சொல்லிக்கொள்கிறார்கள். அவர்கள் சொல்லும் அந்த வார்த்தையே அவர்களுக்கு விரோதமான சாட்சி என்கிறார் இயேசு. ஏப்ரல் தோறும் நான் கட்டுவதும் அப்படிப்பட்ட ஒரு கல்லறைதானோ?

மனந்திரும்புதல் அங்கே நடக்கவே இல்லை என்று சொல்ல முடியாது. 1945 அக்டோபர் 18, 19 தேதிகளில் ஸ்டட்கார்ட் நகரில் ஜெர்மானிய சுவிசேஷத் திருச்சபைத் தலைவர்கள் கூடி, அயல்நாட்டுச் சபைகளின் பிரதிநிதிகளுக்கு முன்பாக ஒரு பாவ அறிக்கையில் கையொப்பமிட்டார்கள். தேசம் இடிபாடுகளில் கிடந்தது. மக்கள் பசியிலும் குளிரிலும் வாடினார்கள். அந்த வேளையில் குற்றத்தை ஒப்புக்கொண்டதற்காகச் சொந்த சபையாரிடமிருந்தே அவர்களுக்குக் கோபமான கண்டனங்கள் வந்தன. அதற்குத் துணிவு வேண்டியிருந்தது. ஆயினும் அந்த அறிக்கையை நிதானமாக வாசிப்பவர்கள் இரண்டு குறைகளைக் காண்பார்கள். நாங்கள் இன்னும் தைரியமாக அறிக்கையிடவில்லை, இன்னும் உண்மையாக ஜெபிக்கவில்லை என்ற முறையில் அது பேசுகிறது. "இன்னும்" என்ற அந்த ஒரு சொல்லுக்குள், "ஓரளவு செய்தோம்" என்ற ஆறுதல் ஒளிந்திருக்கிறது. இரண்டாவது குறை அதைவிடப் பெரிது. யூதர் என்ற பெயர் அந்த அறிக்கையில் எங்கும் இல்லை.

அதில் கையொப்பமிட்டவர்களுள் ஒருவர் மார்ட்டின் நீமோலர். முதல் உலகப் போரில் நீர்மூழ்கிக் கப்பல் தளபதி, பின்னர் போதகர். தொடக்கத்தில் நாஜிக் கட்சிக்கு வாக்களித்தவர். பின்னர் அதை எதிர்த்தவர். 1937 ஜூலை 1 முதல் போர் முடியும்வரை சிறையிலும் சாக்சன்ஹவுசன், டாக்காவ் முகாம்களிலும் இருந்தார். விடுதலையான பிறகு ஒருநாள் மனைவியோடு டாக்காவ் முகாமைப் பார்க்கச் சென்றார். பிணங்களை எரித்த கட்டடத்தின் முன்னே ஒரு பலகை இருந்தது. அங்கே எரிக்கப்பட்டவர்களின் தொகையும், 1933 முதல் 1945 வரை என்ற ஆண்டுகளும் அதில் எழுதப்பட்டிருந்தன. தம்மை உலுக்கியது அந்தத் தொகை அன்று, ஆண்டுகளே என்று நீமோலர் பின்னர் பல கூட்டங்களில் சாட்சி சொன்னார். 1937க்குப் பிந்தைய காலத்திற்கு அவரிடம் பதில் இருந்தது, அவரே கைதியாயிருந்தார். 1933 முதல் 1937 வரை? அந்த நான்கு ஆண்டுகளில் நீ எங்கே இருந்தாய் என்று தேவன் கேட்டால், அவரிடம் பதில் இல்லை. ஆதாமைத் தேடி வந்த அதே கேள்வி, ஆதியாகமம் 3:9இன் கேள்வி, எட்டு ஆண்டுகள் சிறையிருந்த ஒரு மனிதரையும் தேடி வந்தது.

இன்னொரு பெயரையும் சொல்லியாக வேண்டும். எலிசபெத் ஷ்மிட்ஸ் பெர்லினில் ஒரு பள்ளி ஆசிரியை. அறிக்கையிடும் திருச்சபையின் அங்கத்தினர். அந்தத் திருச்சபை 1934இல் வெளியிட்ட புகழ்பெற்ற பார்மன் அறிக்கை, கிறிஸ்து ஒருவரே ஆண்டவர் என்று உறுதியாக முழங்கியது. யூதரின் துன்பத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. 1935இல் ஷ்மிட்ஸ், யூதர்களுக்கு நேரிடும் கொடுமைகளை ஒவ்வொன்றாக எடுத்துக்காட்டி, திருச்சபை ஏன் பேசவில்லை என்று கேட்டு ஒரு நீண்ட விண்ணப்பம் எழுதினார். தன் பெயரை அதில் எழுதவில்லை. அதைத் தானே படியெடுத்துத் தலைவர்களிடம் சேர்த்தார். பதில் வரவில்லை. 1938 நவம்பரில் ஜெப ஆலயங்கள் எரிக்கப்பட்டபின், இந்த அரசு கேட்கிறபடி தன்னால் பிள்ளைகளுக்குக் கற்பிக்க இயலாது என்று எழுதிக்கொடுத்துவிட்டுத் தன் வேலையை விட்டார். துரத்தப்பட்ட யூதர்களுக்குத் தன் வீட்டில் அடைக்கலம் கொடுத்தார். போருக்குப் பின் மீண்டும் பள்ளியில் கற்பித்தார். தன்னைப் பற்றிப் பெருமை பாராட்டவில்லை. அந்த விண்ணப்பத்தை வேறொரு பெண்மணி எழுதியதாகவே பல ஆண்டுகள் நம்பப்பட்டது. 1977இல் ஹனாவ் நகரில் அவர் மரித்தார். அடக்க ஆராதனைக்கு வந்தவர்கள் ஏழு பேர். அந்த விண்ணப்பம் அவருடையதுதான் என்று உலகம் அறிந்தது 1999இல்.

ஷ்மிட்ஸ் குண்டு வைக்கவில்லை, சிறை செல்லவில்லை, தூக்குமேடை ஏறவில்லை. வேலி எங்கே போடப்பட்டிருக்கிறது என்பதைக் கண்டார். அதைப் பெயர் சொல்லி எழுதினார். பெரிய தியாகத்தின் உயரத்தைப் பார்த்து "அது நம்மால் ஆகாது" என்று நாம் தப்பித்துக்கொள்ளலாம். இந்த ஆசிரியையிடமிருந்து தப்ப முடியாது.

இப்போது என் காரியத்தைச் சொல்லுகிறேன்.

ஏறக்குறைய இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன், நான் முதன்முதல் பொறுப்பேற்ற சேகரத்தில், கல்லறைத் தோட்டத்தின் நடுவே ஒரு கம்பிவேலி இருந்தது. வேலிக்கு இந்தப் பக்கம் யார், அந்தப் பக்கம் யார் என்று எல்லாருக்கும் தெரியும், சாதிதான் கணக்கு. ஒருநாள் சபையில் மிகவும் உண்மையுள்ள ஒரு மூப்பர் மரித்தார். அவர் பிறந்த சாதி "அந்தப் பக்கத்து" சாதி. பொது இடத்தில் அடக்கம் செய்யலாமா என்று அவருடைய குமாரன் என்னிடம் வந்து கேட்டான். பதினைந்து வயதுப் பையன். நான் கமிட்டியாரைக் கேட்டேன். "இப்போது வேண்டாம், ஐயா, வீணாகக் கலகம் வரும்" என்றார்கள். நான் ஜெபப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு, சவப்பெட்டியின் முன்னே நடந்து, வேலிக்கு அந்தப் பக்கம் போனேன். கிறிஸ்துவுக்குள் யூதனென்றும் கிரேக்கனென்றும் இல்லை என்று கலாத்தியர் நிருபம் சொல்லுவதை நன்றாய்ப் படித்தவன் நான். போன்ஹோஃபரையும் படித்திருந்தேன். அன்று அந்த வேலியைத் தாண்டியது என் கால்கள் மட்டுமே.

அந்தப் பையன்தான் சென்ற ஏப்ரலில் ஆலய வாசலில் என் கையைப் பிடித்து நன்றி சொன்னவர்.

மூன்று வாரம் கழித்து அவர் வீட்டிற்குப் போனேன். "அந்த நாட்களில் நான் இன்னும் தைரியமாக இருந்திருக்கலாம், தம்பி" என்று தொடங்கினேன். சொன்னவுடனே ஸ்டட்கார்ட்டின் அந்த "இன்னும்" என் காதில் விழுந்தது. நிறுத்திவிட்டு மறுபடியும் சொன்னேன்: "உங்க அப்பாவை வேலிக்கு அந்தப் பக்கம் கொண்டுபோனது பாவம். அது தெரிந்தே நான் அதைச் செய்தேன்." அவர் வெகுநேரம் பேசவில்லை. பிறகு, "எங்களுக்கும் தெரியும், ஐயா. நீங்க வந்து ஜெபம் பண்ணினதே அன்னைக்கு எங்களுக்குப் பெரிசா இருந்துச்சு" என்றார். அந்த வார்த்தை என்னை மன்னித்தது. அதே வார்த்தை என்னை இன்னும் ஆழமாகக் குற்றப்படுத்தியது. புறப்படும்போது அவரே சொன்னார்: "வேலி இன்னும் இருக்கு, ஐயா."

அந்தச் சேகரத்தின் இன்றைய போதகருக்கும் கமிட்டிக்கும் என் பெயரிட்டுக் கடிதம் எழுதியிருக்கிறேன். நடந்ததை நடந்தபடியே எழுதினேன். என் காலத்தில் அகற்றாத வேலியை அகற்றும்படி கேட்டேன். தேவையானால் வந்து முன்னின்று செய்யவும் ஆயத்தமாயிருக்கிறேன் என்றேன். இதுவரை பதில் இல்லை. மறுபடியும் எழுதுவேன்.

பிரியமானவர்களே, அடுத்த ஏப்ரலிலும் போன்ஹோஃபரைப் பற்றி நான் பேசுவேன். பேசுவது தவறல்ல; மறப்பதே தவறு. ஆனால் இந்த வாரம் ஒரு காரியம் செய்வோம். நம் வாழ்வில் பதில் சொல்ல முடியாத அந்த ஆண்டுகள் எவை என்று தேவசமுகத்தில் கேட்போம். பொதுவாக அல்ல, இடத்தையும் நாளையும் ஆளையும் பெயர் சொல்லி அறிக்கையிடுவோம். அந்த ஆள் உயிரோடிருந்தால் அவரிடம் போவோம். மத்தேயு 5:23, 24 நம்மிடம் கேட்பது அதைத்தான். காணிக்கை காத்திருக்கலாம்.

ஜெபம்: எங்கள் மறைவிடங்களை அறிந்த கர்த்தாவே, நீர் எங்கே இருக்கிறாய் என்று கேட்கும்போது நாங்கள் மரங்களுக்குள் ஒளிந்துகொள்ளாதபடி காத்தருளும். மரித்த சாட்சிகளைப் போற்றும் எங்கள் நாவுக்கு, உயிரோடிருக்கும் சகோதரனிடம் மன்னிப்புக் கேட்கும் பெலனையும் தாரும். நாங்கள் போட்ட வேலிகளையும், போட்டவர்களுக்குப் பயந்து விட்டுவைத்த வேலிகளையும் எங்கள் கைகளாலேயே அகற்றக் கிருபை செய்யும். நகர வாசலுக்குப் புறம்பே பாடுபட்ட இயேசுவின் நாமத்தில் கேட்கிறோம், பிதாவே. ஆமென்.